ஞாயிற்றுக்கிழமைப் பெயர்

காலை ஆறே முக்காலுக்கு ரெலிபோன் அடித்தது. நான் வேலைக்குப் போவதற்காகப் பனிச் சப்பாத்தை மாட்டிக்கொண்டிருந்தேன். யோகராணி மாக் கையோடு குசினியிலிருந்து எட்டிப் பார்த்தாள். அந்த நேரத்தில் எங்கள் வீட்டுக்கு அழைப்பு வந்தால் அது ஊரிலிருந்துதான் வரும். ஊரிலிருந்து அப்படி வந்த எதுவும் இதுவரை நல்ல செய்தியாக இருந்ததில்லை. அதனால் இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் அதை அடிக்க விட்டோம்.

ஊரிலிருந்து அல்ல. ஆஸ்பத்திரியிலிருந்து ஒரு பெண் பிரெஞ்சில் பேசினாள். முசியே ஓமேர் பெலான்ஜேயின் குடும்பத்தவரா என்று கேட்டாள். அந்தக் கேள்வியை விளங்கிக்கொள்ள என் பிரெஞ்சு போதும். வாய் தவறி "ஓம்" என்றேன், பிறகு "வீ" என்றேன். விடியப்புறம் போய்விட்டாராம். நித்திரையிலேயாம்.

"என்னவாம்?" என்றாள் யோகராணி.

"ஓமேர் போயிட்டார்."

அவள் அடுப்பை நிற்பாட்டினாள். கையைக் கழுவினாள். வெகுநேரம் கழுவினாள்.

"தனியவோ?"

"ஓம் போலை."

பிறகு அவள் மேசையைப் பார்த்தாள். மேசையில் ஒரு பெரிய மண்ணிற உறையும், அதன் மேல் ஒரு பழைய படமும், என் பென்சிலும் இருந்தன. "அந்தப் படத்தை இனி என்ன செய்யப்போறியள்?" என்று கேட்டாள். நான் மாட்டிய சப்பாத்தைக் கழற்றினேன்.

தொண்ணூற்றிரண்டு வயதில் அந்த மனிதருக்கு ஒரே ஒரு ஆசைதான் மிச்சமிருந்தது. அமெரிக்காவில் ஒரு சிறு பட்டினத்தின் பூங்காவில் மாட்டப்போகும் பித்தளைத் தகட்டில் தன்னுடைய சொந்தப் பெயர் வரவேண்டும். அந்தப் படம் அதற்காகத்தான் மேசைக்கு வந்தது.

ஓமேர், மொன்றியலின் பார்க் எக்ஸ்டென்சன் பகுதியில் எங்கள் கட்டடத்தில் கீழ்த்தட்டு வீட்டில் இருந்தார். எங்கள் கதவுக்கு நேரெதிர்க் கதவு. நாங்கள் வந்தபோது அந்தத் தெருவில் கிரேக்கர்கள்தான் அதிகம். பிறகு அவர்கள் ஒவ்வொருவராகப் புறநகரான லவாலுக்கு வீடு வாங்கிக்கொண்டு போக, எங்கள் ஆட்கள் ஒவ்வொருவராக வந்தார்கள். ஓமேர் மட்டும் எங்கேயும் போகவில்லை.

முதன்முதலில் அவரைக் கவனித்தது ஒரு மார்கழி மாதம். நான் இரண்டு அரிசி மூட்டைகளோடு வாசல் கதவைத் திறக்க முடியாமல் நின்றேன். உள்ளேயிருந்து ஒரு கிழவர் வந்து தன் தோளைக் கதவில் கொடுத்து அதைத் தள்ளிப் பிடித்துக்கொண்டார். கையால் பிடித்திருந்தால் வழக்கமான உதவி என்று மறந்திருப்பேன். அவர் தாழக் குனிந்து, கால்களை அகட்டி, கதவை ஒரு ஆளைத் தள்ளுவதுபோலத் தள்ளினார். அவருடைய விரல்களைப் பிறகுதான் பார்த்தேன். ஒவ்வொன்றும் ஒவ்வொரு பக்கம் போயிருந்தது. மூக்கு ஒருதரமல்ல, பலதரம் உடைந்த மூக்கு. இடது கால் மடங்காது. அதை ஒரு சாமானைப் போலத் தூக்கி வைத்துத்தான் நடப்பார்.

"சண்டைக்காரனாய் இருந்திருப்பார்," என்றாள் யோகராணி. "கண் மட்டும் பாவம்."

அவர் சண்டைக்காரர் இல்லை. ரெயில்வே பட்டறையில் கொதிகலன் திருத்தும் வேலையில் முப்பத்தைந்து வருடம் இருந்து ஓய்வு பெற்றவர். மனைவி எலிசா தையல் வேலை செய்தவர், எண்பத்து மூன்றாம் ஆண்டு இறந்துவிட்டார். பிள்ளைகள் இல்லை. இதையெல்லாம் தானாகவே சொன்னார். உதைபந்து பற்றிச் சொல்ல இரண்டு வருடம் எடுத்தார்.

உதைபந்து என்று எழுதுகிறேன். ஆனால் அது நாங்கள் விளையாடியது அல்ல. அமெரிக்கர்கள் தலைக்கவசம் போட்டு, பந்தைக் கையில் அணைத்துக்கொண்டு ஓடி, ஒருவரையொருவர் விழுத்தும் விளையாட்டு. ஒரு ஞாயிறு ரிவியில் அது போய்க்கொண்டிருந்தது. ஓமேருக்கு யோகராணி கொடுத்துவிட்ட இடியப்பத்தைக் கொண்டுபோயிருந்தேன். அவர் ரிவியைக் காட்டிச் சிரித்தார்.

"கனடாக்காரருக்குப் பன்னிரண்டு பேர் வேணும்," என்றார். "அந்தப் பன்னிரண்டாவது ஆள் என்னத்துக்கு எண்டு எனக்கு இண்டைக்கும் விளங்கேல்லை. நாங்கள் பதினொரு பேர். தொடங்கின அதே பதினொரு பேர்தான் முடியுமட்டும். பந்து எங்கடை கையிலை எண்டாலும் நாங்கள்தான், அவங்கடை கையிலை எண்டாலும் நாங்கள்தான். மூக்கு உடைஞ்சால் பஞ்சு வைச்சுக்கொண்டு நிக்கிறது."

அவர் என்னோடு பேசியது ஆங்கிலம், கோபம் வந்தால் பிரெஞ்சு. ஆனால் இப்போது நினைத்துப் பார்க்கையில் எல்லாம் எங்கள் தமிழிலேயே கேட்கிறது. அப்படியே எழுதுகிறேன்.

கியூபெக்கின் வறுமை தாங்காமல் எத்தனையோ குடும்பங்கள் எல்லையைத் தாண்டி அமெரிக்காவின் நெசவாலைகளுக்குப் போன காலம் அது. ஓமேரின் தகப்பனும் ரோட் ஐலண்ட் மாநிலத்தில் ஒரு ஆலைப் பட்டினத்துக்குப் போனார். ஓமேர் அங்கே வளர்ந்தார். கால் வேகமாக இருந்ததால் ஒரு கத்தோலிக்கக் கல்லூரி படிப்புக் கட்டணமில்லாமல் சேர்த்துக்கொண்டது. பாதிரிமாருக்காகச் சனிக்கிழமைகளில் விளையாட வேண்டும். நிபந்தனை ஒன்றே ஒன்று. காசுக்காக எங்கேயும் விளையாடக்கூடாது. விளையாடினால் அன்றே வெளியே.

அப்போதுதான் ஆலைப் பட்டினங்களில் தொழில்முறை அணிகள் முளைத்துக்கொண்டிருந்தன. ஞாயிற்றுக்கிழமைகளில் ஆட்டம். நல்ல ஆட்டக்காரர்கள் எல்லோரும் கல்லூரிகளில் இருந்தார்கள். ஆகவே ஒரு வழக்கம் உண்டாயிற்று. சனிக்கிழமை சொந்தப் பெயரில் கல்லூரிக்கு ஆடுவார்கள். இரவு ரெயில் ஏறி, ஞாயிறு வேறொரு பெயரில் காசுக்கு ஆடுவார்கள். அது எல்லோருக்கும் தெரிந்த இரகசியம். மூக்கின் மேல் குறுக்காகப் பிளாஸ்ரர் ஒட்டிக்கொள்வார்கள். முகத்தில் சேற்றை அப்பிக்கொள்வார்கள். படம் எடுக்க வந்தால் குனிந்து சப்பாத்து நூலைக் கட்டுவார்கள்.

பெரும்பாலானவர்கள் இல்லாத பெயரை உண்டாக்கிக்கொண்டார்கள். ஓமேர் சேர்ந்த அணியில் அது முடியவில்லை. எங்கள் ஆட்டக்காரர் எல்லோரும் எங்கள் ஆலைத் தொழிலாளர்தான் என்பது அணியை நடத்திய ஆலை முதலாளியின் பெருமை. அதனால் ஆலையில் உண்மையாகவே வேலை செய்கிற ஒருவனின் பெயர் வேண்டியிருந்தது. சாயப் பகுதியில் ஓமேரின் உயரமும் பருமனும் உள்ள ஒரு ஐரிஷ்காரன் இருந்தான். பெயர் ஜாக் ஃபோலி.

"அவனுக்கு என்ன கிடைச்சுது?" என்று கேட்டேன்.

"ஞாயிறுக்கு ஒரு போத்தல்," என்றார் ஓமேர். "மதுவிலக்குக் காலம். நல்ல விஸ்கி. மொன்றியலிலை இருந்துதான் களவாய் வரும்."

ஆட்டம் நடக்கும்போது ஃபோலியை யாரும் வெளியே காணக்கூடாது. கண்டால் ஆடுவது யார் என்ற கேள்வி வரும். எனவே ஒவ்வொரு ஞாயிறும் மதியத்துக்கு முன்பே ஃபோலி ஆலையின் கொதிகலன் அறைக்குப் போய்விடுவான். போத்தலோடு அங்கேயே இருப்பான். பொழுது சாய்ந்ததும் அணியின் மனேச்சர் வந்து அவனுடைய சட்டையிலும் காற்சட்டையிலும் சேற்றைப் பூசி வீட்டுக்கு அனுப்புவார். ஓமேர் பிளாஸ்ரரைப் பிய்த்து எறிந்துவிட்டுப் பின்பக்கத்தால் ரெயிலுக்கு நொண்டி நொண்டிப் போவார். மூன்று இலையுதிர்காலங்கள் இப்படி நடந்தது.

இதைச் சொன்ன அன்று மேல்வீட்டு ஆனந்தராசாவும் இருந்தான். ஒரு உணவகத்தில் கோப்பை கழுவுகிறவன், எதற்கும் ஒரு பகிடி வைத்திருப்பவன். நான் மொழிபெயர்த்துச் சொன்னதும் தொடையில் தட்டினான்.

"அப்ப கிழவன் எங்கடை ஆள்தான் அண்ணை! நான் கள்ளப் பாஸ்போட்டிலை பிராங்போட்டாலை வரேக்கை ஆர்? பீற்றர் சவிரிமுத்து. மூண்டு கிழமை கழுத்திலை சிலுவையோடை திரிஞ்சனான். பிளேனிலை பிரார்த்தனை வேறை."

"நீ இப்பவும் ஆரும் பீற்றர் எண்டால் திரும்பிப் பாக்கிறாய்," என்றாள் யோகராணி.

"பழகிப்போச்சு அக்கா. நல்ல பேர். ஒரு பொலிசும் மறிக்கேல்லை."

ஓமேர் நன்றாகச் சிரித்தார். பிறகு சிரிப்பு நின்று, "உண்மையான பீற்றருக்கு என்ன நடந்தது?" என்று கேட்டார்.

ஆனந்தராசா தோளைக் குலுக்கினான். "ஆருக்குத் தெரியும்? ஏஜென்சிக்காரனைத்தான் கேக்கோணும்."

ஓமேர் தலையாட்டினார்.

அவருடைய வாழ்க்கையில் பெரிய நாள் ஒன்றுதான். இரண்டாவது வருடம், கார்த்திகை மாதம், பெரிய நகரத்து அணி ஒன்று வந்திருந்தது. அந்தப் பட்டினத்துக்காரரை அவர்கள் ஆளாகவே மதிக்கவில்லை. மூன்று நாள் மழை, மைதானம் உழுத வயல் மாதிரி. தோல் தலைக்கவசம் ஊறித் தலையில் ஒட்டிக்கொண்டது. மடித்துப் பைக்குள் வைக்கக்கூடிய கவசம், அது காதைக் குளிரிலிருந்து காக்கும், வேறொன்றும் செய்யாது. கடைசி நேரத்தில் எதிரி எறிந்த பந்தை ஓமேர் இடையில் பிடித்துவிட்டார். "பூசணிக்காய் மாதிரிப் பந்து, அதுவும் நனைஞ்ச பூசணிக்காய்," என்றார். மைதானத்தின் முழு நீளத்துக்கும் ஓடினார். நாலு பேர் பிடிக்கப் பார்த்தார்கள். ஒருவன் அவருடைய சட்டையில் பாதியைக் கிழித்து வைத்துக்கொண்டான். எல்லைக்கோட்டைத் தாண்டி விழுந்தபோது சனம் எழுந்து நின்று கத்தியது. "ஃபோலி! ஃபோலி!"

"அந்த நேரம் எப்பிடி இருந்தது?"

"எழும்பி நிண்டு கையைக் காட்டினன். அவனுக்கெண்டு அவன்ரை சனம் கத்துது, நான் காட்டாட்டி ஆர் காட்டுறது?"

நத்தார்ப் பண்டிகைக்கு வீட்டுக்குப் போனபோது தகப்பன் சாப்பாட்டு மேசையில் அந்த ஆட்டத்தைப் பற்றிக் கதை எடுத்தாராம். அவர் போகவில்லை. பக்கத்துப் பட்டினம்தான், ஆனால் ஞாயிறு ஆட்டம் பாவம் என்று நினைக்கிற மனிதர். ஆலையில் எல்லோரும் கதைத்ததைக் கேட்டிருந்தார். மகனைப் பார்த்துச் சொன்னாராம்: "நீயும் இருக்கிறாய், பாதிரிமாருக்குக் கன்னியாஸ்திரி மாதிரி விளையாடிக்கொண்டு. அந்த ஐரிஷ்காரன் ஃபோலியைப் போய்ப் பார். அவன் ஆம்பிளை."

ஓமேர் கிழங்கை வெட்டிக்கொண்டிருந்தாராம். வெட்டி முடித்து, "ஓம் அப்பா," என்றாராம்.

அதைச் சொல்லிவிட்டு எனக்கு முன்னால் அவர் அதே போலத் தலையைக் குனிந்துகொண்டார். தகப்பன் அடுத்த வருடமே நெஞ்சில் பஞ்சுத் தூசி அடைத்து இறந்துவிட்டார். சொல்வதற்கு இடம் கிடைக்கவில்லை. சொல்லியிருந்தால் தகப்பன் ஆலையில் வாயை அடக்கியிருக்க மாட்டார், கல்லூரி இடம் போயிருக்கும். அதனால் தள்ளிப் போட்டார். அவ்வளவுதான்.

மூன்றாவது வருடத்தின் கடைசி ஆட்டத்தில் இடது முழங்கால் உடைந்தது. ஃபோலி என்று தூக்கிக்கொண்டு போனார்கள். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனால் பெயர் கேட்பார்கள் என்று ஒரு குதிரை லாயத்தில் வைத்து அணியின் வைத்தியர் கட்டுப்போட்டார். கோணலாகப் பொருந்தியது. திங்கட்கிழமை பாதிரிமாரிடம் படியில் விழுந்ததாகச் சொன்னார். அவர்கள் நம்பினார்கள். ஓடமுடியாத பையனுக்குக் கட்டணமில்லாத இடம் மட்டும் இல்லை என்றார்கள். ஓமேர் மொன்றியலில் இருந்த மாமனிடம் வந்து சேர்ந்தார். அத்தோடு ஒரு தொழில்முறை ஆட்டக்காரரின் வாழ்க்கை முடிந்தது. அதன் பிறகு வந்த எழுபது வருடத்தில் இந்த விஷயம் தெரிந்தவர் எலிசா ஒருத்திதான். கோபம் வந்தால் அவள், "முசியே ஃபோலி, குப்பையைக் கொண்டுபோய்ப் போடுங்கோ," என்பாளாம். எலிசாவும் போனபின் அதைச் சொல்லிக் கூப்பிட யாரும் இல்லை.

போன ஐப்பசியில் அவருடைய அக்காவின் மகன் அனுப்பிவைக்கும் அந்த ஆலைப் பட்டினத்துப் பத்திரிகை வந்தது. ஓமேருக்குக் கண் மங்கல், நான்தான் வாசித்துக் காட்டுவேன். அதில் இருந்தது: பழைய மைதானம் இப்போது பூங்கா. அந்தப் பூங்காவில் முதல் அணியின் பதினொரு பேருடைய பெயர்களையும் பித்தளைத் தகட்டில் பொறித்து வசந்தத்தில் திறக்கப்போகிறார்கள். பதினொருவரும் காலமாகிவிட்டார்கள். குடும்பத்தவர் யாரிடமாவது பழைய படங்கள் இருந்தால், ஆட்களின் பெயர்களைப் பின்பக்கம் எழுதித் தை முடிவுக்குள் அனுப்பவும். அந்தப் புகழ்பெற்ற ஓட்டத்தை ஓடிய ஜாக் ஃபோலியின் மகள் மார்கரெட் தகட்டைத் திறந்துவைப்பார்.

"எல்லாரும் செத்துப்போச்சினமாம்," என்றார் ஓமேர். "அப்ப நான் ஆர்?"

சிரிப்பார் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. எழுந்து போய் அலுமாரியிலிருந்து ஒரு படத்தை எடுத்து வந்தார். பதினொரு பேர் சேற்றில் வரிசையாக நிற்கிறார்கள். இடமிருந்து ஆறாவது ஆளுக்கு முகம் இல்லை. உடம்பு தெளிவாக இருக்கிறது, கழுத்துக்கு மேலே ஒரு வெள்ளைப் புகை. அந்தக் காலக் கமரா. அசையாமல் நிற்கவேண்டும். படம் பிடிக்கிற நொடியில் அவர் வேண்டுமென்றே தலையை உதறியிருக்கிறார்.

"கெட்டிக்காரத்தனம் எண்டு நினைச்சன்," என்றார். "இப்ப இந்தப் படத்திலை இருக்கிறது நான் எண்டு காட்ட என்னாலையே ஏலாது."

"என்ன செய்வம்?"

"மொன் ஆமி, என்ரை சிநேகிதா, என்ரை பேரைப் போடச் சொல்லு. ஒருக்கால். ஓமேர் பெலான்ஜே. அதுக்குப் பிறகு நான் சாகலாம்."

தகட்டைச் செய்விக்கும் அந்த ஊர்ச் சங்கத்துக்கு நான் ரெலிபோன் எடுத்தேன். செயலாளர் மரியாதையான மனிதர். இப்படிப் பலர் சொல்வதுண்டு என்றார். ஃபோலியின் மகள் தன் தகப்பன் விளையாடவில்லை என்று ஒரு வார்த்தை சொன்னால் பெயரை மாற்றலாம் என்றார். அவளுடைய இலக்கத்தையும் கேட்டு வாங்கித் தந்தார்.

ஓமேர் எடுக்கவில்லை. கார்த்திகை போயிற்று, மார்கழி போயிற்று. கேட்டால் "பேந்து பாப்பம்" என்ற மாதிரிக் கையைக் காட்டுவார்.

"எத்தினை பேரை விழுத்தின மனிசன், ஒரு ரெலிபோனுக்குப் பயப்பிடுது," என்றாள் யோகராணி.

பிறகு, விழுந்த இடத்திலேயே உறைகிற ஐஸ் மழை வந்தது. இந்த வருடம் தை மாதம் அது என்ன செய்தது என்று இங்கே யாருக்கும் சொல்லத் தேவையில்லை. எங்கள் தெருவில் இரண்டாம் நாள் மின்சாரம் போனது. பனிக்கட்டியின் பாரத்தில் மரக்கிளைகள் முறிந்த சத்தம் வெடிச்சத்தம் போலவே இருந்தது. முதல் கிளை முறிந்தபோது நான், யோகராணி, ஆனந்தராசா மூவரும் ஒரே நேரத்தில் குனிந்துவிட்டோம். ஓமேர் எங்களைப் பார்த்துவிட்டு வேறு பக்கம் திரும்பிக்கொண்டார்.

எங்கள் குசினியில் காஸ் அடுப்பு இருந்ததால் அவரை எங்கள் வீட்டுக்குக் கூட்டிவந்தோம். மின்சாரம் போனவர்களுக்காகத் திறந்திருந்த பாடசாலை மண்டபத்துக்குப் போகமாட்டேன் என்றார். எல்லாப் போர்வைகளையும் அவர் மேல் போட்டு அடுப்பருகே இருத்தினோம். அப்போதே இருமல் தொடங்கியிருந்தது. நாலாம் நாள் பின்னேரம், வெளிச்சம் இருக்கும்போதே, "அவளை எடு," என்றார்.

மின்சாரம் இல்லாவிட்டாலும் ரெலிபோன் வேலை செய்தது. அவருக்குக் காது மந்தம். நான் றிசீவரை அவருடைய காதுக்குக் கொஞ்சம் தள்ளிப் பிடித்தேன். அதனால் அவள் பேசியது எனக்கும் கேட்டது. மார்கரெட்டின் குரல் நோயாளியின் குரல். மூச்சு வாங்கி வாங்கிப் பேசினாள்.

ஓமேர் தன் பெயரைச் சொன்னார். அந்த அணியை நன்றாகத் தெரியும் என்றார். அவள் இடையிலேயே அழத் தொடங்கிவிட்டாள்.

"உங்களுக்கு என்ரை அப்பாவைத் தெரியுமோ? உண்மையாவோ? அவரைத் தெரிஞ்ச ஒருத்தரும் மிச்சமில்லை எண்டு நினைச்சன்."

"தெரியும்," என்றார் ஓமேர். "கேளுங்கோ, அந்த ஞாயிற்றுக்கிழமைகள்…"

"அந்த ஞாயிற்றுக்கிழமைகளிலைதான் குடி தொடங்கினதாம். அம்மா சொல்லுவா. ஆட்டம் முடிஞ்சு சேறும் சகதியுமாய் வெறியிலை வருவாராம். வெற்றியைக் கொண்டாடினவர் எண்டு அம்மா நினைச்சவ. பேந்து அது நிக்கவே இல்லை. நான் பிறந்த பிறகு ஞாயிறு, திங்கள் எண்டில்லை. உங்களிட்டை ஏன் மறைப்பான்? எங்களுக்கு அடிப்பார். அம்மாவின்ரை கை ரெண்டுதரம் முறிஞ்சது. வேலை போச்சு. நாப்பத்தோராம் ஆண்டு குளிருக்கை றோட்டிலை கிடந்து செத்தவர்."

ஓமேரின் வாய் திறந்தபடி இருந்தது.

"ஆனால் ஒண்டு," என்றாள் அவள். "வெறி இல்லாத நேரம் என்னை மடியிலை வைச்சு அந்த ஓட்டத்தைச் சொல்லுவார். மழை, சேறு, சட்டை கிழிஞ்சது, எல்லாம். எனக்கு அவரிட்டை இருந்து கிடைச்சது அது ஒண்டுதான். அந்தக் காலும் பாவம். கடைசி ஆட்டத்திலை உடைஞ்சது, சாகுமட்டும் நொண்டினவர்."

வெளியே ஏதோ முறிந்து விழுந்தது.

"எந்தக் கால்?" என்று கேட்டார் ஓமேர்.

"இடது."

போர்வைக்குள்ளே அவருடைய கை அசைந்து இடது முழங்காலுக்குப் போனதைப் பார்த்தேன். ஃபோலிக்கு ஒரு கீறல்கூட விழவில்லை. ஆட்டம் நின்ற பிறகும், போத்தல் நின்ற பிறகும், கேட்பதற்கு மனேச்சர் இல்லாத பிறகும், அவன் தன் வீட்டுக்குள்ளேயே நொண்டியிருக்கிறான்.

"ஹலோ? இருக்கிறியளோ?" என்றாள் அவள். "ஏதோ சொல்ல வந்தனீங்கள்."

நான் ஓமேரின் முகத்தைப் பார்த்தேன். இப்போது சொல்லிவிடுவார் என்று நினைத்தேன். சொல்லவேண்டும் என்றும் நினைத்தேன்.

"ஓம்," என்றார். "அந்தக் கால்தான். நான் பக்கத்திலை நிண்டனான். நான்தான் தூக்கினனான்."

அவள் அழுதாள். அப்பா எப்படி ஓடுவார் என்று கேட்டாள். அவர் சொன்னார். மழையைச் சொன்னார், நாலு பேரைச் சொன்னார், சனம் எழுந்து நின்றதைச் சொன்னார். "அப்பா என்ன செய்தவர்?" என்று கேட்டாள். "எழும்பி நிண்டு கையைக் காட்டினவர்," என்றார். தகட்டைத் திறக்க உடம்பு இடம் கொடுக்குமோ தெரியாது, ஆனால் எப்படியும் போவேன் என்றாள். அவர் "மெர்சி" என்று பிரெஞ்சில் நன்றி சொன்னார். ஏன் மெர்சி என்று அவளுக்கு விளங்கியிராது.

நான் றிசீவரை வைத்தேன். யோகராணிக்கு ஆங்கிலம் பாதிதான் விளங்கும். "சொல்லிப்போட்டாரோ?" என்று என்னிடம் மெல்லக் கேட்டாள். இல்லை என்று தலையாட்டினேன்.

"ஏனாம்?"

நான் சொன்னேன். அவள் தேத்தண்ணி ஊற்றி அவருடைய கையில் கொடுத்து, அந்தக் கோணல் விரல்கள் கோப்பையைச் சரியாகப் பிடிக்குமட்டும் தன் கையையும் வைத்துக்கொண்டு நின்றாள்.

வெகுநேரம் கழித்து ஓமேர் படத்தைக் கேட்டார். "வெளிச்சம் போகமுன்னம் பேரை எழுதுவம். சங்கத்துக்கு அனுப்போணும்."

நான் படத்தைக் கவிழ்த்து வைத்து, ஒன்றிலிருந்து பதினொன்று வரை இலக்கம் போட்டேன். படம் அவருக்குத் தேவைப்படவில்லை. கண்ணை மூடிக்கொண்டு இடமிருந்து சொல்லிக்கொண்டு போனார். ஒவ்வொரு பெயரோடும் ஒரு கதை. இவன் இறைச்சிப் பிரியன், சம்பளத்தை இறைச்சியாய்க் கேட்பான். இவன் குளிக்காதவன், அதனால் ஒருவரும் கட்டிப்பிடித்து விழுத்த மாட்டார்கள். இவன் பொய்ப்பெயர், உண்மைப் பெயர் எனக்கே தெரியாது, பொய்யையே எழுது. யோகராணி சிரித்தாள். இருமலுக்கு நடுவே அவரும் சிரித்தார்.

ஐந்தாவது ஆளைச் சொன்னார். பிறகு ஏழாவதைச் சொன்னார்.

"ஆறு?" என்றேன்.

"ஏழை எழுது."

எழுதினேன். பதினொன்று வரை போய்த் திரும்பினோம். வெளிச்சம் குறைந்துவிட்டது. "ஆறுக்கு என்ன போட?" என்று மறுபடி கேட்டேன். அவர் அடுப்பின் நீலத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நாளைக்கு," என்றார்.

மறுநாள் காலை அவருக்கு மூச்சு ஏறவில்லை. அம்புலன்ஸ் தெருவுக்குள் வரமுடியாமல் முனையில் நின்றது. ஆனந்தராசாவும் நானும் அவரைக் கதிரையோடு தூக்கிக்கொண்டு ஐஸில் நடந்தோம். "பாரம் இல்லை அண்ணை, ஒண்டுமே இல்லை," என்று ஆனந்தராசா சொல்லிக்கொண்டே வந்தான். பகிடி ஒன்றும் வரவில்லை.

ஆஸ்பத்திரியில் நிமோனியா என்றார்கள். மூக்கையும் வாயையும் மூடி ஒட்சிசன் வைத்திருந்தார்கள். நாங்கள் வேலை முடிந்து மாறி மாறிப் போனோம். ஒருநாள் நான் படத்தையும் பென்சிலையும் கொண்டுபோனேன். உறைக்குள்ளிருந்து எடுக்கும்போது யோகராணி என் கையைப் பிடித்தாள்.

"மூச்செடுக்கப் படுற பாட்டைப் பாருங்கோ. இப்பவோ பேர் கேக்கிறது? சுகமாகட்டும், பேந்து கேளுங்கோ."

அவள் சொன்னது சரி. உறையைத் திரும்ப மூடினேன். ஓமேர் எங்களைப் பார்த்தார். உறையைப் பார்த்தாரா தெரியாது.

இன்று பகல் போய் அவருடைய கண்ணாடியையும் மணிக்கூட்டையும் வாங்கிவந்தோம். எலிசாவின் கல்லறையிலேயே அடக்கம் செய்ய இடமிருக்கிறது, ஓமேர் பெலான்ஜே என்று அங்கே அவர் முன்பே வெட்டிவைத்திருக்கிறார். அக்காவின் மகனால் வர முடியாதாம். பெட்டியைத் தூக்க நானும் ஆனந்தராசாவும் இருக்கிறோம், மேற்கொண்டு நாலு பேரைப் பிடிப்பதாக ஆனந்தராசா சொல்லியிருக்கிறான்.

உறையில் சங்கத்தின் விலாசம் எழுதி முத்திரையும் ஒட்டியாயிற்று. நாளை மறுநாள் தை முடிகிறது. படத்தின் பின்பக்கத்தில் பத்துப் பெயர்கள் இருக்கின்றன. ஆறு என்ற இலக்கத்துக்கு எதிரே இன்னும் ஒன்றும் எழுதவில்லை.